ஆரஞ்சுத் தோப்பே இல்லாத நாடு ஆரஞ்சு ஜூஸ் விற்கிறது! நம்ம புளியங்குடி எலுமிச்சை எங்கே நிற்கிறது?

(காட்சி: மேசை மேல் ஒரு மிக்ஸட் ஃப்ரூட் ஜூஸ் டப்பா. கேமரா அதன் பின்பக்க எழுத்தை நெருங்குகிறது.)

வணக்கம் மக்களே! நெதர்லாந்தில் ஆரஞ்சுத் தோப்பு உண்டா? கிடையாது. அந்தக் குளிருக்குக் கண்ணாடிக் கூடாரத்துக்குள் தக்காளி வளர்ப்பார்கள், ஆரஞ்சு வராது. ஆனால் உலகத்தில் ஆரஞ்சு ஜூஸ் ஏற்றுமதி செய்யும் நாடுகளின் பட்டியலை எடுத்துப் பாருங்கள், நெதர்லாந்து மேல் வரிசையில் இருக்கும். இந்தப் பக்கம் நம்ம புளியங்குடி. தமிழ்நாட்டின் எலுமிச்சை நகரம் என்று பேர் வாங்கிய ஊர், 2025-இல் புவிசார் குறியீடும் வாங்கிய பழம். அது சாறாகிக் கப்பல் ஏறும் பேச்சே இல்லை, மூட்டையாகக் கேரளாவுக்கு லாரி ஏறுகிறது. பழம் வைத்திருப்பவன் பட்டியலில் இல்லை, பழமே இல்லாதவன் முன் வரிசையில் இருக்கிறான். இது எப்படி நடக்கிறது என்பதுதான் இன்றைக்கு.

முதலில் கொஞ்சம் அடிப்படை, சீக்கிரம் முடித்துவிடுகிறேன். எந்தச் சரக்கு எல்லை தாண்டினாலும் அதற்கு ஒரு எண் உண்டு. உலகச் சுங்க அமைப்பு வகுத்த இந்த முறை 1988-இல் நடைமுறைக்கு வந்தது. முதல் ஆறு இலக்கம் எல்லா நாட்டுக்கும் பொது, நம் நாட்டில் எட்டு இலக்கம் வரை போகும். பழச்சாறு, காய்கறிச்சாறு எல்லாம் 2009 என்ற தலைப்பில் வரும். அதில் கடைசி வரி 2009.90. ஒன்றுக்கு மேற்பட்ட சாறு கலந்திருந்தால் அங்கே போய்ச் சேரும். 2022-இல் இளநீரையும் 2009 தலைப்பிலேயே பேர் சொல்லிச் சேர்த்துவிட்டார்கள். அடிப்படை அவ்வளவுதான்.

(காட்சி: உடன்குடிப் பக்கம் ஒரு பனங்காடு. அடுப்பில் பதநீர் கொதிக்கிறது.)

இப்போது எனக்கு மிகவும் பிடித்த பகுதிக்கு வருகிறேன். உடன்குடி, திசையன்விளைப் பக்கம் இருப்பவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். காலையில் இறக்கிய பதநீர் சாயங்காலம் தாங்காது, புளித்துவிடும். அதையே காய்ச்சிக் கருப்பட்டியாக்கினால் மாதக்கணக்கில் இருக்கும், எந்த ஊருக்கும் தூக்கிப் போகலாம். தண்ணீரை வெளியேற்றினால் சுமையும் குறையும், கெடுவதும் குறையும். உலக ஜூஸ் வியாபாரம் முழுக்க இந்த ஒரு சூத்திரத்தின் மேல்தான் நிற்கிறது.

மரத்திலிருந்து பறித்துப் பிழிந்த ஆரஞ்சுச் சாற்றில் 100 கிராமுக்குச் சர்க்கரையும் மற்றக் கரைபொருளுமாக 11, 12 கிராம் இருக்கும். இதைத்தான் பிரிக்ஸ் என்ற அளவில் சொல்வார்கள். ஆலையில் அந்தச் சாற்றை வெற்றிடத்தில் கொதிக்க வைக்கிறார்கள். வெற்றிடத்தில் தண்ணீர் குறைந்த சூட்டிலேயே ஆவியாகும், அதனால் சாறு வெந்துபோன வாடை வராது. கிளம்பிப் போகும் ஆவியோடு பழத்தின் மணமும் போகும் இல்லையா? அதையும் விடமாட்டார்கள். தனியாகப் பிடித்து, குளிர வைத்து, புட்டியில் அடைத்து வைத்துக்கொள்வார்கள். பிறகு தேவைப்படும்போது திரும்பச் சேர்ப்பார்கள். இப்படி 12 பிரிக்ஸ் சாறு 66 பிரிக்ஸ் வரைக்கும் கெட்டியாகிறது. ஐந்தரைக் கிலோ சாறு ஒரு கிலோ கான்சன்ட்ரேட்டாகச் சுருங்குகிறது.

அந்தக் கான்சன்ட்ரேட் எதில் போகிறது தெரியுமா? டிரம்மிலும் போகும், மறுக்கவில்லை. ஆனால் பிரேசில் 1980-களிலேயே இதற்கென்று கப்பல் விடத் தொடங்கிவிட்டது. கச்சா எண்ணெய்க்கு டேங்கர் இருப்பதுபோல ஜூஸுக்கு என்றே டேங்கர் கப்பல்! உள்ளே துருப்பிடிக்காத எஃகுத் தொட்டிகள். சுழியத்துக்குக் கீழே சுமார் 10 டிகிரிக் குளிர். அவ்வளவு குளிரிலும் அது பாறையாக உறையாது, சர்க்கரை அவ்வளவு இருப்பதால் குழம்பாக நகரும். சாந்தோஸ் துறைமுகத்தில் குழாய் போட்டு ஏற்றுவார்கள், அட்லாண்டிக் கடலைத் தாண்டி நெதர்லாந்தின் ராட்டர்டாம், பெல்ஜியத்தின் கென்ட் துறைமுகங்களில் குழாய் போட்டே இறக்குவார்கள். துறைமுகக் கரையிலேயே பெரிய பெரிய குளிர்த் தொட்டிகள். பிரேசிலில் பழத்தைப் பிழிந்ததிலிருந்து ஐரோப்பாவில் டப்பாவில் அடைக்கும் வரை ஒரு மனிதக் கை அந்தச் சாற்றைத் தொடுவதில்லை. உலகச் சந்தைக்கு வரும் ஆரஞ்சு ஜூஸில் கிட்டத்தட்ட நான்கில் மூன்று பங்கு பிரேசிலுடையது. இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை. தூத்துக்குடித் துறைமுகம் நெல்லையிலிருந்து ஒரு மணி நேரப் பயணம். அந்தக் கரையில் ஒரு எலுமிச்சைத் தொட்டி நின்றால் எப்படி இருக்கும் என்றுதான் யோசித்துக்கொண்டே படுத்திருந்தேன்.

சரி, இப்போது நெதர்லாந்து விடுகதை அவிழ்ந்துவிட்டது. பிரேசில் சாறு ராட்டர்டாமில் இறங்கும்போது அது நெதர்லாந்தின் இறக்குமதி. அங்கிருந்து லாரியில் ஜெர்மனிக்கோ பிரான்சுக்கோ போனால் நெதர்லாந்தின் ஏற்றுமதி. தொட்டி வைத்திருக்கிறான், தண்ணீர் சேர்க்கத் தெரிந்திருக்கிறான், வேறு சாறோடு கலக்கவும் தெரிந்திருக்கிறான். தோப்பு எதற்கு?

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். 'கலப்புச் சாறு ஏற்றுமதியில் எந்த நாடு முதலிடம்' என்று வாட்ஸ்அப்பில் பட்டியல்கள் சுற்றும். அவற்றை அப்படியே நம்பாதீர்கள். ஆரஞ்சு, அன்னாசி, ஆப்பிள் சாறுகளுக்கு 20 பிரிக்ஸுக்கு மேல், கீழ் என்று தனித்தனி எண் உண்டு. திராட்சைக்கு அந்தக் கோடு 30-இல். கலப்புச் சாற்றுக்கு மட்டும் ஆறு இலக்க எண்ணில் அப்படி ஒரு கோடே கிடையாது. ஒரு கிலோ கெட்டிக் கான்சன்ட்ரேட்டும் ஒரு கிலோ குடிக்கத் தயாரான ஜூஸும் அந்த வரியில் ஒரே கிலோ. எந்தப் பழம் எத்தனை பங்கு என்று எழுத இடமும் இல்லை. ஆக அந்தப் பட்டியலைப் பார்த்து எந்த நாட்டில் எவ்வளவு பழம் விளைகிறது என்று சொல்லவே முடியாது. யார் கையில் தொட்டி இருக்கிறது, யார் கையில் கலவை ஆலை இருக்கிறது என்பதைத்தான் ஓரளவு ஊகிக்கலாம்.

காய்கறிச் சாறு பற்றி ஒரே ஒரு செய்தி. பாவூர்சத்திரம் சந்தைக்குத் தக்காளி கொண்டு வருபவர்கள் ரசிப்பீர்கள். தக்காளிச் சாற்றில் உலர்பொருள் 7 சதவீதத்தைத் தொட்டுவிட்டால் சுங்கச் சட்டப்படி அது சாறே இல்லை, 2002 என்ற வேறு தலைப்புக்குப் போய்விடும். அமெரிக்காவில் 1933-இல் வந்த வி-எய்ட் என்ற ஜூஸ், தக்காளியோடு கேரட், பீட்ரூட், கீரை எல்லாம் சேர்த்து எட்டுக் காய்கறிக் கலவை. இன்றைக்கும் விற்கிறது.

கலவைக்கு இப்போது ஏன் திடீரென்று மவுசு? ஆரஞ்சு மரங்களுக்கு வந்த பசுமை நோய்தான் காரணம். ஒரு சின்னப் பூச்சி பரப்பும் பாக்டீரியா. 2004-இல் பிரேசிலிலும் 2005-இல் அமெரிக்காவின் புளோரிடாவிலும் கண்டுபிடித்தார்கள். புளோரிடாவின் ஆரஞ்சு விளைச்சல் இருபது வருடத்தில் பத்தில் ஒரு பங்குக்கும் கீழே போய்விட்டது. 2024-இல் பிரேசிலிலும் விளைச்சல் சரிந்தது, ஆரஞ்சு ஜூஸ் விலை வரலாறு காணாத உயரத்துக்குப் போனது. ஆரஞ்சு விலை ஏறினால் கம்பெனிக்காரர் என்ன செய்வார்? ஆப்பிள் கான்சன்ட்ரேட்டை அதிகமாகச் சேர்ப்பார். சீனாவும் போலந்தும் அதைக் கொட்டிக் கொடுக்கின்றன. ஆப்பிள் சாறு நிறமும் மணமும் அடங்கியது, எதோடும் சேர்ந்துபோகும்.

(காட்சி: பாளையங்கோட்டை மார்க்கெட்டில் ஒரு பெட்டிக்கடை. டப்பாவின் பின்பக்கம் திரை முழுக்க.)

நீங்கள் கையில் எடுக்கும் டப்பாவைத் திருப்புங்கள். தண்ணீர், சர்க்கரை, மாம்பழக் கூழ், ஆப்பிள் கான்சன்ட்ரேட், அப்புறம் 330 என்று ஒரு எண். நம் நாட்டு உணவுப் பாதுகாப்பு விதிப்படி, குடிக்கத் தயாரான பழபானத்தில் பழம் 10 சதவீதம் இருந்தால் போதும். எலுமிச்சை பானம் என்றால் 5 சதவீதம். கான்சன்ட்ரேட்டில் தண்ணீர் ஊற்றிச் செய்த ஜூஸுக்கு '100 சதவீதம் பழச்சாறு' என்று போடக்கூடாது என்று 2024 ஜூனில்தான் உத்தரவு வந்தது. என்னைக் கேட்டால் அது ரொம்பத் தாமதம். கான்சன்ட்ரேட் எந்த நாட்டிலிருந்து வந்தது என்பதையும் முன்பக்கத்தில் போடச் சொல்ல வேண்டும்.

அந்த 330 என்ன என்று பார்த்தீர்களா? சிட்ரிக் அமிலம். நம் நாக்குக்கு அது எலுமிச்சைப் புளிப்புதான். ஆனால் அதில் ஒரு சொட்டு எலுமிச்சை கிடையாது. நூறு வருடத்துக்கு முன் வரை இத்தாலிக்காரர்கள் எலுமிச்சையிலிருந்துதான் சிட்ரிக் அமிலத்துக்கான சரக்கை எடுத்து உலகத்துக்கே விற்றார்கள். கறுப்பு நிறப் பூஞ்சை ஒன்றைச் சர்க்கரைப் பாகில் வளர்த்தால் அதே அமிலம் மலிவாகக் கிடைக்கும் என்று தெரிந்தது. 1919-இல் அமெரிக்காவில் ஃபைசர் கம்பெனி அதை ஆலையில் செய்யத் தொடங்கியது. இத்தாலியின் ஏகபோகம் போயிற்று. இன்றைக்கு உலகத்திலேயே அதிகமாகத் தயாரிப்பது சீனா. புளியங்குடியில் மழைக்காலத்தில் காய் குவிந்து, பறிப்புக் கூலிக்கே கட்டாமல் விவசாயி நிற்கிற அதே நாளில், பக்கத்துக் கடை ஜூஸ் டப்பாவுக்குப் புளிப்பைக் கொடுப்பது பூஞ்சை. எனக்கு இது வயிற்றெரிச்சலாக இருக்கிறது.

வரி விஷயத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2018 பட்ஜெட்டில் ஆரஞ்சு ஜூஸ் மீதான இறக்குமதி வரி 30-இலிருந்து 35 சதவீதமானது, மற்றப் பெரும்பாலான பழ, காய்கறிச் சாறுகளுக்கு 30-இலிருந்து 50 ஆனது. உள்நாட்டுப் பழத்துக்கு அது ஒரு அரண். சாற்றில் தேவைக்கு மேல் தண்ணீர் சேர்த்தாலோ சோடா ஏற்றினாலோ அது 2009-ஐ விட்டு 2202 என்ற பானத் தலைப்புக்குப் போய்விடும், வரியும் மாறலாம். ஆப்பி ஃபிஸ் பழபானமா, வெறும் சோடா பானமா என்று கேரள வரித்துறையோடு நடந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 2017-இல் பழபானம்தான் என்று தீர்ப்பு. இருபது சதவீத வரியா, பன்னிரண்டரையா என்பதுதான் அதில் சண்டை. நம்ம ஊர்ச் சர்பத்துக்கும் தனி எண் உண்டு மக்களே, 2106 90 11. பட்டியலில் 'சர்பத்' என்றே பேர் போட்டிருக்கிறது!

அப்படியானால் நம்ம பக்கம் என்ன செய்யலாம்? தமிழ்நாட்டிலேயே வழி காட்டியவர்கள் இருக்கிறார்கள். கிருஷ்ணகிரியில் பெங்களூரா மாம்பழத்தைக் கூழாக்கி, கிருமி நீக்கிய பையில் அடைத்து, 200 லிட்டர் டிரம்மில் இறக்கிச் சவூதிக்கும் நெதர்லாந்துக்கும் அனுப்புகிறார்கள். குளிர்பெட்டிகூட வேண்டாத முறை அது. எலுமிச்சையில் கொஞ்சம் சிக்கல் உண்டு, மறைக்க மாட்டேன். பிழிந்த சாறு வைக்க வைக்கக் கசக்கும், சூடு பட்டால் நிறம் மாறும். அதனால் பழம் வந்து இறங்கும் இடத்திலேயே பிழிய வேண்டும், தோலும் விதையும் சாற்றில் நசுங்காமல் பிழிய வேண்டும், உடனே குளிர வைக்க வேண்டும். பிழிந்த பிறகு மிஞ்சும் தோலும் வீண் இல்லை. எலுமிச்சை எண்ணெயைக் கோலா வகைக் குளிர்பானங்களின் மணத்துக்கே பயன்படுத்துகிறார்கள். சாறு ஒரு வருமானம், எண்ணெய் இன்னொரு வருமானம்.

என் கருத்து இதுதான்: புளியங்குடி மண்டிக்குப் பக்கத்தில் விவசாயிகளே பங்கு வைத்திருக்கும் ஒரு பிழிவு ஆலை வேண்டும். காய் மலிந்த மாதத்தில் பிழிந்து வைத்து, கோடையில் விலை ஏறும்போது விற்கலாம். கலவை ஆலைக்காரர்களுக்கு 330-க்குப் பதிலாக நிஜ எலுமிச்சைச் சாறு கொடுக்கலாம். டப்பாவில் புவிசார் குறியீட்டை அச்சிடலாம். கடல் தாண்ட வேண்டுமென்றால் தூத்துக்குடியிலிருந்து கொழும்பு வழியாகக் கண்டெய்னர் போக வழி ஏற்கெனவே இருக்கிறது.

புளியங்குடி, சங்கரன்கோவில், கடையம் பக்கம் எலுமிச்சை போட்டிருக்கும் அண்ணாச்சிமார் யாராவது இதைப் பார்த்துக்கொண்டிருந்தால், போன மழைக்காலத்தில் மூட்டை என்ன விலைக்குப் போனது, கோடையில் என்ன விலைக்குப் போனது என்று கமெண்டில் எழுதுங்கள். பிழிவு ஆலை நடத்திப் பார்த்தவர்கள் இருந்தால் எங்கே இடித்தது என்று சொல்லுங்கள், மெஷின் செலவா, கரண்டா, வாங்க ஆள் இல்லையா? மற்றவர்கள் வீட்டில் இருக்கும் ஜூஸ் டப்பாவின் பின்பக்கத்தைப் போட்டோ எடுத்து அனுப்புங்கள். அவற்றை வைத்து, எந்த டப்பாவில் நிஜமாகவே எலுமிச்சை இருக்கிறது என்று அடுத்த வீடியோவில் ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.