பதில் கேட்காத கடிதம்

நேயர்களுக்கு வணக்கம். மிகச் சிறிய ஒரு கடிதத்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன்.

அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோவில் ஜெரோம் மோட்டோ என்று ஒரு மனநல மருத்துவர் இருந்தார். கடும் மனச்சோர்வாலும் தற்கொலை எண்ணத்தாலும் மருத்துவமனையில் சேர்ந்து வீடு திரும்பியவர்களில் பலர், மேற்கொண்டு சிகிச்சை வேண்டாம் என்று ஒதுங்கிவிடுவதை அவர் பார்த்தார். 1969-இல் ஓர் ஆய்வைத் தொடங்கி, அப்படி ஒதுங்கிய 843 பேரில் ஒரு பகுதியினருக்கு மட்டும் 5 ஆண்டுகள் கடிதம் அனுப்பினார். முதலில் மாதம் ஒன்று, அப்புறம் இரண்டு மாதத்துக்கு ஒன்று, பிறகு மூன்று மாதத்துக்கு ஒன்று.

கடிதத்தில் இருந்தது இரண்டே செய்திதான். நீங்கள் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறோம். எழுதத் தோன்றினால் எழுதுங்கள், மகிழ்வோம். மருந்து சாப்பிடுகிறீர்களா, ஏன் வரவில்லை என்ற விசாரணையே கிடையாது. முதல் இரண்டு ஆண்டுகளில், கடிதம் பெற்றவர்களிடையே தற்கொலை தெளிவாகவே குறைந்திருந்தது. பிற்பாடு மற்றவர்கள் செய்த இதுபோன்ற ஆய்வுகள் எல்லாமே இதே பலனைக் காட்டிவிடவில்லை. அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனாலும் அந்தக் கடிதத்தின் தன்மை என் மனதை விட்டுப் போகவில்லை.

விழுந்து எழுகிறவர், அது நோயாகட்டும், குடியாகட்டும், சிறையாகட்டும், எல்லார் பார்வையிலும் ஒரு கேள்வியைப் பார்க்கிறார். அக்கறையோடு சொல்லும் புத்திமதிகூட “இன்னும் சரியாகவில்லையா?” என்றுதான் அவர் காதில் விழும். உதவி வாங்கினால், தேறிக் காட்டியாக வேண்டும் என்ற பாரமும் கூடவே வந்துவிடும். மோட்டோவின் கடிதம் அந்தப் பாரத்தை ஏற்றவில்லை. அவர் இரண்டாம் உலகப் போரில் படையில் இருந்தபோது, அதிகம் பழகியிராத ஒரு பெண் எதையும் எதிர்பார்க்காமல் அவருக்குக் கடிதம் எழுதிக்கொண்டே இருந்தார். அந்த அனுபவத்திலிருந்து பிறந்ததுதான் இந்த யோசனை.

உங்களுக்குத் தெரிந்த யாராவது பேச்சைக் குறைத்துக்கொண்டு ஒதுங்கியிருந்தால், இரண்டு வரி எழுதுங்கள். பதில் வராவிட்டால் கோபித்துக்கொள்ளாமல் அடுத்த மாதமும் எழுதுங்கள். அவர் உயிருக்கே ஆபத்து என்று தோன்றினால் கடிதம் போதாது. உடனே அவர் பக்கத்தில் போய் இருங்கள், மருத்துவரிடம் அழைத்துப் போங்கள்.

அப்படி வந்த செய்திகளுக்குப் பதில் போட முடியாமல் தவிக்கிறவர்களும் இதைக் கேட்டுக்கொண்டிருப்பீர்கள். நீங்கள் யாருக்கும் கடன்படவில்லை. முடிகிறபோது எழுதுங்கள், போதும். வணக்கம்.