அடியா, உறவா? வார்கேம்ஸ் கூண்டில் எங்கள் பக்கம் உறவு

நடுவர் ஐயா அவர்களுக்கும், எனக்கு முன்னால் பேசிக் கைதட்டல் வாங்கிப் போன எதிரணித் தலைவருக்கும், சின்ன வயதில் டபிள்யூ.டபிள்யூ.எஃப் சீட்டு சேர்த்துத் தெருத் திண்ணையில் விளையாடிய அத்தனை பேருக்கும் வணக்கம்.

"வார்கேம்ஸ் கூண்டுச் சண்டையில் நம்மைக் கட்டிப்போடுவது அடியா, உறவா?" இதுதான் தலைப்பு. வார்கேம்ஸ் என்றால், முடிவை முன்கூட்டியே எழுதி வைத்து நடத்தும் அமெரிக்க மல்யுத்தத்தில் இரண்டு அணிகள் ஒரே கூண்டுக்குள் மோதும் ஆட்டம். எதிரணித் தலைவர் எழுந்ததுமே "அடி உதவுகிற மாதிரி அண்ணன் தம்பி உதவ மாட்டான்" என்று ஆரம்பித்தார். மேசை உடைவது, நாற்காலி முதுகில் விழுவது, கூண்டின் உச்சியிலிருந்து ஒருத்தர் குட்டிக்கரணம் போடுவது, இதற்காகத்தான் ஜனங்கள் டிக்கெட் வாங்குகிறார்கள், மற்றதெல்லாம் எழுதிக் கொடுத்த வசனம் என்றார். அந்தப் பழமொழியில் வருகிற அடி ஆண்டவனின் திருவடி என்று சொல்லும் பெரியவர்களும் உண்டு. அந்த விளக்கத்துக்குள் நான் போகவில்லை, நேராகக் கூண்டுக்குள்ளேயே போய்விடுகிறேன்.

1987 ஜூலை 4. அட்லாண்டா நகரம், ஆம்னி அரங்கம். அங்கேதான் முதல் வார்கேம்ஸ் நடந்தது. யோசனை டஸ்டி ரோட்ஸ் என்ற மல்யுத்த வீரருடையது. குழாய் வேலை பார்த்தவரின் மகன், உழைக்கிற ஜனங்கள் தங்களில் ஒருவராகப் பார்த்த மனிதர். இரண்டு ரிங்குகளை ஒட்டிப் போட்டு, இரண்டையும் சேர்த்து ஒரே கூண்டால் மூடினார், மேலேயும் கம்பி வலை. சரி, இரும்பை யார் வேண்டுமானாலும் வைத்துக் கட்டலாம். அவர் எழுதிய விதியைப் பாருங்கள், விஷயம் அங்கேதான் இருக்கிறது.

அணிக்கு ஐந்து பேர். முதலில் அணிக்கு ஒருவர் உள்ளே போவார்கள், ஐந்து நிமிடம் ஒண்டிக்கு ஒண்டி. அப்புறம் டாஸில் ஜெயித்த அணி இரண்டாவது ஆளை அனுப்பும். டாஸில் பெரும்பாலும் ஜெயிப்பது வில்லன் அணிதான். இப்போது உள்ளே இரண்டு பேருக்கு ஒருவர், இரண்டு நிமிடத்துக்கு. அது முடிந்தால்தான் அந்த ஒருவரின் தோழன் உள்ளே போக முடியும். இப்படி மாறி மாறிப் பத்து பேரும் உள்ளே போகிற வரைக்கும் ஆட்டத்தை முடிக்கவே முடியாது.

அந்த இரண்டு நிமிடத்தைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்கள் ஐயா. உள்ளே ஒருவரை இரண்டு பேர் பிடித்துக் கம்பி வலையில் முகத்தைத் தேய்க்கிறார்கள். கைக்கெட்டும் தூரத்தில், வலைக்கு இந்தப் பக்கம், அவருடைய கூட்டாளி நிற்கிறார். அவரால் உள்ளே போக முடியாது. ஒரு கண் கடிகாரத்தில், ஒரு கண் உள்ளே. கடைசி பத்து விநாடியை அரங்கமே சேர்ந்து எண்ணுகிறது, கதவு திறந்ததும் அவர் பாய்கிறார், கூரை பிய்த்துக்கொண்டு போகிற மாதிரி சத்தம். அந்தச் சத்தம் அடிக்கு வந்ததா? அடிதான் இரண்டு நிமிடமாக விழுந்துகொண்டே இருந்ததே, அப்போது ஏன் வரவில்லை? வெளியே நின்றவன் உள்ளே போய்ச் சேர்ந்தான் என்பதற்கு வந்த சத்தம் ஐயா அது.

இது நமக்குப் புதிதா? சக்கர வியூகத்துக்குள் அபிமன்யு தனியாக மாட்டிக்கொண்டதும், பின்னாலேயே வந்த பீமனையும் மற்றவர்களையும் ஜயத்ரதன் வாசலில் தடுத்து நிறுத்தியதும் கூத்தில் வரும்போது, நம் கிராமத்தில் விடிய விடிய உட்கார்ந்து அழுகிறார்களே, அவர்கள் அம்பு எத்தனை என்று எண்ணியா அழுகிறார்கள்? பெரியப்பன் வாசலில் நிற்கிறான், பிள்ளை உள்ளே சாகிறான், அதற்கு அழுகிறார்கள். டஸ்டி ரோட்ஸ் இந்தக் கதையைக் கேட்டிருக்க வேண்டிய அவசியமே இல்லை. மனிதன் எங்கே பதறுவான் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

இரண்டாவது விதி இன்னும் முக்கியம். அந்தக் காலத்து வார்கேம்ஸில் தோளைத் தரையில் அழுத்தி மூன்று எண்ணி ஜெயிப்பது கிடையாது. யாராவது ஒருவர் "போதும், விட்டுவிடு" என்று சொல்ல வேண்டும். அந்த ஒருவர் சொன்னால் ஐந்து பேரும் தோற்றார்கள். முதல் ஆட்டத்தில் டஸ்டி, நிகிதா கோலாஃப், ரோட் வாரியர்ஸ் இருவர், அவர்களின் மேனேஜர் பால் எல்லரிங் ஒரு பக்கம். ரிக் ஃப்ளேர், ஆர்ன் ஆண்டர்சன், டல்லி பிளான்சர்ட், லெக்ஸ் லூகர் என்ற ஃபோர் ஹார்ஸ்மென் நால்வரும், அவர்களின் மேனேஜர் ஜே.ஜே. டில்லனும் எதிர்ப்பக்கம். ஆட்டம் யாரிடம் முடிந்தது? உலகப் புகழ் ரிக் ஃப்ளேரிடம் இல்லை. சூட்டு கோட்டோடு வெளியே நின்று பழகிய டில்லனிடம். தோள் கழன்றுபோய் அவர் விட்டுக்கொடுத்தார், நான்கு சிங்கங்களும் சேர்ந்து தோற்றார்கள். அடிதான் பெரிது என்றால் பலசாலி யார் என்று அல்லவா ஆட்டம் தேட வேண்டும்? இது பலவீனமானவன் யார், அவனை மற்றவர்கள் காப்பாற்றுகிறார்களா என்று தேடுகிற ஆட்டம். நம் வீடுகளில் நடப்பதும் இதுதானே.

"1991-ஐ மறந்துவிட்டீர்களா" என்று எதிரணித் தங்கை கேட்டார். மறக்கவில்லை அம்மா. பிரையன் பில்மேன் என்ற சின்ன உருவத்துக்காரரை, சிட் என்ற மலை மாதிரியான ஆள் தலைக்கு மேல் தூக்கித் தரையில் அறைந்தார். கூண்டின் கூரை தாழ்வு, பில்மேனின் கால் வலையில் இடித்தது, கழுத்தை மடக்கிக்கொண்டு விழுந்தார். பார்த்தால் இன்றும் வயிற்றைக் கலக்கும். ஆனால் அங்கே ஜனங்கள் "இன்னும் போடு" என்றா கத்தினார்கள்? ஏழடிக்கு மேல் உயரமுள்ள எல் கிகாண்டே வெளியிலிருந்து வந்து, அவனை விடுங்கள் என்று அந்தச் சண்டையை முடித்து வைத்தார். அந்த மனிதர் வந்ததும்தான் பார்க்கிறவனுக்கு மூச்சே வருகிறது.

அடுத்த வருடம் 1992, ஜாக்சன்வில். வார்கேம்ஸிலேயே சிறந்தது எது என்று கேட்டால் பழைய ரசிகர்கள் பலரும் கை காட்டும் ஆட்டம். ஸ்டிங் என்ற வீரரின் அணிக்கு எதிராக டேஞ்சரஸ் அலையன்ஸ் என்ற அணி, அதில் ஸ்டீவ் ஆஸ்டின்கூட இருந்தார், அப்போது அவருக்குத் தலை நிறைய முடி. ரத்தம் ஆறாக ஓடிய ஆட்டம்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் முடிவைப் பாருங்கள். ரிங்கின் மூலையில் கயிற்றைப் பிடித்திருக்கும் இரும்புக் கம்பியைக் கழற்றி வைத்திருக்கிறார்கள். பாபி ஈட்டன் ஸ்டிங்கைப் பிடித்துக்கொள்ள, லாரி ஸ்பிஸ்கோ கம்பியை ஓங்குகிறார், ஸ்டிங் நகர்ந்துவிட, அடி சொந்த ஆளான ஈட்டனின் கையில் விழுகிறது. அந்தக் கையை ஸ்டிங் முறுக்க, ஈட்டன் விட்டுக்கொடுத்தார். ஐந்து பேரும் தோற்றார்கள், அதோடு ஸ்பிஸ்கோவை அணியிலிருந்தே துரத்திவிட்டார்கள். ஓங்கியவன் கை சரியாகத்தான் ஓங்கியது, கூட்டுக்குள் பொருத்தம் இல்லாமல் போனது.

இன்னொரு இரண்டு ஆட்டத்தைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1997-இல் ரிக் ஃப்ளேரின் அணிக்குள்ளேயே இருந்த கர்ட் ஹென்னிங் கட்சி மாறினார். ஃப்ளேரின் தலையைக் கூண்டுக் கதவுக்கு நடுவில் வைத்துக்கொண்டு, தோல்வியை ஒப்புக்கொள்கிறாயா இல்லையா என்று எதிரிகள் மிரட்டினார்கள். கூட்டாளி ஸ்டீவ் மெக்மைக்கேல் ஒப்புக்கொண்டார். ஒப்புக்கொண்ட பிறகும் கதவைத் தலையில் அறைந்தார் ஹென்னிங். 24 வருடம் கழித்து, 2021-இல், ஏ.ஈ.டபிள்யூ என்ற வேறொரு நிறுவனம் இதே மாதிரிக் கூண்டுக்கு பிளட் அண்ட் கட்ஸ் என்று பெயர் வைத்து நடத்தியது. கூண்டின் உச்சியில் கிறிஸ் ஜெரிக்கோவைத் தள்ளப்போவதாக எம்.ஜே.எஃப் நிற்க, கீழே இருந்த சாமி குவேரா அவரைக் காப்பாற்றத் தோல்வியை ஒப்புக்கொண்டார். அப்புறமும் தள்ளிவிட்டார்கள். பெயரிலேயே ரத்தம் வைத்த நிறுவனம்கூட ஆட்டத்தை எதில் முடித்தது பார்த்தீர்களா? நண்பனுக்காகத் தோற்பதில். அந்த விழுதலை, கீழே மெத்தை தெரிகிறது என்று பாதிப் பேர் குறை சொன்னார்கள். குவேரா விட்டுக்கொடுத்ததை அப்படி யாரும் குறை சொல்லி நான் பார்க்கவில்லை.

இரும்பும் அடியும் மட்டும் போதும் என்றால் ஒரு கணக்கு கேட்கிறேன். 2005 ஏப்ரல் 24-இல் டி.என்.ஏ என்ற இன்னொரு மல்யுத்த நிறுவனம் லாக்டவுன் என்று ஒரு நிகழ்ச்சி நடத்தியது. அன்றைய ஆட்டம் ஒவ்வொன்றும் கூண்டுக்குள். உலகத்திலேயே பெரிய ராத்திரி அதுவாக அல்லவா இருந்திருக்க வேண்டும்? எனக்கு மனதில் நிற்பது அணிகள் மோதிய ஆட்டம்தான். தினமும் பாயசம் என்றால் நாக்குக்கு அலுத்துவிடும், கூண்டும் அப்படித்தான். இன்னொன்றும் அந்த ராத்திரியைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அதே நிகழ்ச்சியில் கிறிஸ் கேண்டிடோ என்ற வீரருக்குக் கால் உடைந்தது, நான்கே நாளில் அவர் இறந்துபோனார். அதனால் எல்லாம் நடிப்புதானே என்று யாரும் லேசாகச் சொல்லாதீர்கள். முடிவு எழுதி வைத்தது, எலும்பு நிஜம். அந்த எலும்பைப் பணயம் வைப்பவர்களுக்கு நாம் தரும் மரியாதை, அவர்கள் சொல்ல வந்த கதையைக் கவனிப்பதுதான் என்று நான் நினைக்கிறேன்.

பெண்கள் ஆட்டத்தைச் சொல்லாமல் போகக் கூடாது. 2019, சிகாகோ பக்கத்தில், பெண்களின் முதல் வார்கேம்ஸ். ரியா ரிப்ளி அணியில் டகோட்டா காய் உள்ளே போக வேண்டிய நேரம், திரும்பி நின்று சொந்தத் தோழி டீகன் நாக்ஸைப் போட்டு அடித்தார். நால்வருக்கு எதிராக ரிப்ளியும் கேண்டிஸ் லெரேயும் இரண்டே பேர். ஜெயித்ததும் அந்த இரண்டு பேர்தான்.

இப்போது டஸ்டி வீட்டுக்குத் திரும்புகிறேன். 1992-இல் ஸ்டிங் அணியில் நின்றவர்களில் ஒருவர் டஸ்டியின் மூத்த மகன் டஸ்டின். 1994-இல் அப்பாவும் மகனும் ஒரே அணியில் இதே கூண்டுக்குள் போனார்கள். 2015-இல் டஸ்டி இறந்தார். 2017-இல் டபிள்யூ.டபிள்யூ.ஈ, அதாவது நம் பழைய டபிள்யூ.டபிள்யூ.எஃப், அவருடைய கூண்டைத் திரும்பக் கொண்டுவந்தது. 2023-இல் இளைய மகன் கோடி, அப்பா யோசித்த அந்தக் கூண்டுக்குள் ஓர் அணியை அழைத்துப்போய், எதிரியை வீழ்த்தி மூன்று எண்ண வைத்தார். அந்த இரவில் எத்தனை நாற்காலி உடைந்தது என்று எனக்கு நினைவில்லை ஐயா. கோடியின் முகம் நினைவிருக்கிறது.

மணி அடிக்கப் போகிறீர்கள், தெரிகிறது. ஒன்றே ஒன்று. 2022 நவம்பர் 26, பாஸ்டன். ரோமன் ரெயின்ஸ், ஜிம்மி ஊசோ, ஜே ஊசோ, சோலோ சிகோவா, இவர்கள் நிஜத்திலேயே ஒரே சமோவாக் குடும்பம், அதனால்தான் அணிக்கு பிளட்லைன் என்று பெயர். அவர்களோடு ஒட்டிக்கொண்ட வெளியாள் சாமி ஸைன். ஜே ஊசோவுக்கு அவரைக் கண்டாலே ஆகாது. எதிரணியில் சாமியின் பல வருட நண்பன், அவரைப் போலவே கனடாவின் கியூபெக்கிலிருந்து வந்த கெவின் ஓவன்ஸ். ஓவன்ஸ் ரோமனை வீழ்த்தி மேலே படுக்கிறார், ரெஃப்ரி தரையில் தட்டுகிறார், ஒன்று, இரண்டு. மூன்றாவது தட்டு விழுவதற்குள் சாமி அந்தக் கையைப் பிடித்துவிட்டார். ஓவன்ஸ் திரும்பிப் பார்க்கிறார். இரண்டு நண்பர்களும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள், கூண்டுக்குள் அத்தனை பேர் அடித்துக்கொள்ளும் நேரத்தில் அரங்கம் இவர்கள் இரண்டு பேரை மட்டும் பார்க்கிறது. அப்புறம் சாமி நண்பனை அடித்து வீழ்த்தினார், ஜே பாய்ந்து முடித்தார். செஞ்சோற்றுக் கடன் என்று நாம் சொல்வோமே, அது. அதுவரை முகம் கொடுத்துப் பேசாத ஜே, சாமியை இழுத்துக் கட்டிக்கொண்டார்.

இரண்டு மாதம் கழித்து ராயல் ரம்பிள் என்ற நிகழ்ச்சியில், ஓவன்ஸைக் கயிற்றில் விலங்கு போட்டுக் கட்டிவைத்து, சாமியின் கையில் நாற்காலியைக் கொடுத்து அடி என்றார் ரோமன். சாமி ரோமனின் முதுகில் அடித்தார். உடனே ஜிம்மியும் சோலோவும் சாமி மேல் பாய்ந்தார்கள். ஜே ஊசோ மட்டும் கை வைக்கவில்லை, ரிங்கை விட்டு இறங்கி நடந்தே போய்விட்டார். அடிக்காமல் போன அந்த ஒருவரை எந்தக் கணக்கில் எழுதுவது என்று எதிரணியின் அடுத்த பேச்சாளர் வந்து சொல்லட்டும். வணக்கம்.