திரையரங்கப் பிரதியின் சாட்சியம்

அவையோர்க்கு வணக்கம். 1977 மே 25 அன்று அமெரிக்கத் திரையரங்குகளில் வெளியான 'ஸ்டார் வார்ஸ்' படத்தை ரசிகர்கள் தாமே மீட்டெடுக்க முற்பட்டதற்கு முதன்மைக் காரணம், அன்று ஓடிய வடிவம் பின்னர் வந்த ப்ளூ-ரே வட்டுகளில் இடம்பெறவில்லை என்பதே. 1981 மறுவெளியீட்டில் தொடக்க எழுத்துகளோடு அத்தியாய எண் சேர்ந்தது. 1997இல் இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ் கணினியில் உருவாக்கிய காட்சிகளைப் புகுத்தினார். அடுத்தடுத்த பதிப்புகள் திருத்தத்தின்மேல் திருத்தமாயின. 2006இல் பழைய வடிவம் டிவிடியில் வந்ததும், 1993ஆம் ஆண்டு லேசர்டிஸ்க் என்னும் பழைய வீடியோ வட்டுக்காக எடுத்த, தரம் குறைந்த வீடியோப் பதிவிலிருந்துதான். பழைய கறுப்பு வெள்ளைப் படங்களுக்கு வண்ணம் பூசுவதைக் கண்டித்து 1988இல் அமெரிக்க நாடாளுமன்றத்தில் வாதாடியவரும் இதே லூகாஸ்தான்!

படம்பிடித்த மூலச் சுருளான நெகட்டிவ், படத்தின் உரிமையாளரான லூகாஸ்பிலிம் (இன்று டிஸ்னிக்குச் சொந்தம்) நிறுவனத்திடம் இருக்கிறது; ரசிகர்களுக்கு எட்டியவை, திரையரங்குகளில் ஓடித் தேய்ந்த 35 எம்.எம். பிரதிகள் மட்டுமே. ஈஸ்ட்மன் கோடாக் நிறுவனச் சுருளில் அச்சான அக்காலப் பிரதிகளில் மற்றச் சாயங்கள் வெளிறிப்போவதால் படம் முழுவதும் செந்நிறமாகிவிடும். டெக்னிகலர் முறையிலோ சாயங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அச்சேற்றப்படுவதால் நிறம் நெடுங்காலம் நிற்கும். அமெரிக்காவில் 1970களின் நடுவிலேயே கைவிடப்பட்ட அம்முறை லண்டனில் சில ஆண்டுகள் நீடித்ததால், இப்படத்துக்கு அத்தகைய பிரதிகள் சில அச்சாயின. '4கே77' என்னும் ரசிகர் பதிப்பு பெரும்பாலும் அப்படிப்பட்ட ஒரு பிரதியை ஸ்கேன் செய்து, தூசியும் கீறலும் நீக்கி உருவாக்கப்பட்டதாகும். 2025 ஜூனில் பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் லண்டனில் 1977ஆம் ஆண்டின் டெக்னிகலர் பிரதி ஒன்றையே திரையிட்டது.

நெகட்டிவிலிருந்து இரண்டு மூன்று படி தள்ளி எடுக்கப்படும் பிரதியில் நுணுக்கம் குறையும், நிழற்பகுதிகள் இருண்டுவிடும் என்பது மெய்யே. ஆயினும் அந்த இருளைக் குறையென்று நான் கருதவில்லை. விண்கலங்களை விண்மீன்களின்மேல் ஒட்டிச் சேர்த்தபோது அவற்றைச் சுற்றி விழுந்த கட்டங்களைத் திரையரங்கில் மறைத்தது அவ்விருள்தான். வெளிச்சத்தைக் கூட்டிய வீடியோக்களில் அக்கட்டங்கள் பளிச்சென்று தெரிந்தன. பிரதியின் தன்மையை அறிந்தே படைத்தவர்களின் வேலையைப் பிரதியைக் கொண்டு மதிப்பிடுவதே முறை. படச்சுருளுக்கே இயல்பான மணித்துகள்களை (கிரெயின்) அழித்து மழுமழுப்பாக்குவதை மட்டும் என்னால் ஏற்க இயலாது.

இம்முயற்சிகளுக்குச் சட்டத்தின் அனுமதி இல்லை. உரிமையாளர் தடுக்க முனைந்தால் தடுக்கலாம். ஆனால் 1989இல் பேணத்தக்க படங்களைப் பட்டியலிடும் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் முதல் வரிசையிலேயே இடம்பெற்ற படத்தை, வெளியான வடிவில் நல்ல தரத்தில் பேணி மக்களுக்குத் தரவேண்டிய பொறுப்பு ரசிகர்களுடையதன்று, அந்த உரிமையாளருடையதே.