சுருங்கிய வால்வும் சீர்குலைந்த துடிப்பும்

நேயர்களுக்கு என் அன்பான வணக்கம்.

இதய வால்வு சுருங்கியிருப்பதாக அறிந்து, சில ஆண்டுகளாக மருந்து சாப்பிட்டுவரும் ஒருவருக்கு ஒருநாள் திடீரென்று நெஞ்சு படபடக்கிறது. நாடியைத் தொட்டுப் பார்த்தால் துடிப்பு ஒழுங்கில்லாமல் ஓடுகிறது. பலர் இதை மனப் பதற்றம் என்றோ, வால்வோடு தொடர்பில்லாத வேறொரு நோய் என்றோ எடுத்துக்கொள்கிறார்கள். பெரும்பாலும் அந்த வால்வுதான் இந்தத் தாளக் குலைவுக்கு வழி வகுத்திருக்கும் என்பதையும், இரண்டும் சேர்ந்துவிட்டால் சிகிச்சையின் போக்கே மாறிவிடும் என்பதையும் இன்று விளக்க விரும்புகிறேன்.

இதயத்தின் இடது மேலறைக்கும் இடது கீழறைக்கும் நடுவே இருப்பது மைட்ரல் வால்வு. நல்ல நிலையில் அதன் திறப்பு 4 முதல் 6 சதுர சென்டிமீட்டர் பரப்புக் கொண்டது. சிறு வயதில் தொண்டையைத் தாக்கும் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் கிருமியின் பின்விளைவாக வரும் ருமாட்டிக் காய்ச்சல், இந்த வால்வின் இதழ்களைத் தடிக்கச் செய்து, அவற்றின் ஓரங்களை ஒன்றோடொன்று ஒட்டவைத்துவிடும். அப்படியொரு காய்ச்சல் வந்ததே மறந்துபோன பல ஆண்டுகளுக்குப் பிறகு, திறப்பு 1.5 சதுர சென்டிமீட்டராகவோ அதற்கும் குறைவாகவோ சுருங்கியிருப்பது எக்கோ பரிசோதனையில் தெரியவரும். அதைத் தீவிரச் சுருக்கம் என்கிறோம்.

திறப்பு சிறுத்துவிட்டதால் மேலறையில் ரத்தம் தேங்கி அழுத்தம் கூடுகிறது. மேலறையின் சுவரோ மெல்லியது. நீண்டகால அழுத்தத்தைத் தாங்கும் வலிமை அதற்கு இல்லை. ஆகவே அது மெல்ல மெல்ல விரிகிறது, தசை நார்களுக்கு இடையே தழும்புத் திசு படர்கிறது. ருமாட்டிக் அழற்சியும் அந்தத் தசையை நேரடியாகப் பாதிக்கிறது. இத்தகைய தசையில் இதயத்தின் மின் தூண்டல் சீராகப் பரவ முடியாமல், ஓரிடத்தில் தடைப்பட்டு, வேறு வழியாகச் சுழன்று, பல அலைகளாகச் சிதறுகிறது. மேலறை சுருங்கி விரிவதற்கு மாறாக வெறுமனே நடுங்கத் தொடங்குகிறது. இதுவே ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன்.

இதனால் வரும் கேட்டை நோயாளிகள் உணர்வது பெரும்பாலும் மூச்சுத் திணறலாகத்தான். கீழறை ரத்தத்தால் நிரம்புவது இரண்டு துடிப்புகளுக்கு இடைப்பட்ட தளர்வு நேரத்தில். துடிப்பு வேகமெடுக்கும்போது அதிகமாகக் குறைவது இந்தத் தளர்வு நேரமே. குறுகிய திறப்பின் வழியே, குறைந்த நேரத்துக்குள், அதே அளவு ரத்தம் போயாக வேண்டும்; ஓட்டத்தின் வேகம் இரண்டு மடங்கானால், அதற்குத் தேவைப்படும் அழுத்த வேறுபாடு ஏறத்தாழ நான்கு மடங்காகிறது. அந்த அழுத்தம் நுரையீரலுக்குப் பின்னோக்கிச் சென்று அங்கே நீர் கோக்கவைக்கிறது. நேற்றுவரை இயல்பாக நடமாடியவர் இன்று மல்லாந்து படுக்கக்கூட முடியாமல் திணறுவது இதனால்தான். கர்ப்ப காலத்தில் ரத்தத்தின் அளவும் துடிப்பின் வேகமும் இயல்பாகவே கூடுவதால், அதுவரை தெரியாதிருந்த வால்வுச் சுருக்கம் அப்போது வெளிப்படுவதும் உண்டு. பீட்டா தடுப்பு மருந்துகளும் டிஜாக்ஸினும் இங்கே செய்வது துடிப்பைத் தணித்து, கீழறை நிரம்ப நேரம் வாங்கித் தருவதே ஆகும்.

ஆனால் என்னை அதிகம் கவலைப்படுத்துவது மூச்சுத் திணறல் அல்ல. அதைப் பொறுக்க முடியாமல் நோயாளி தாமே மருத்துவமனைக்கு வந்துவிடுவார். ஓசையின்றி உருவாவது ரத்தக்கட்டி. இடது மேலறையின் ஓரத்தில் காதுமடல் போன்ற ஒரு சிறு பை இருக்கிறது. மேலறை நடுங்கிக்கொண்டே இருக்கும்போது அந்தப் பையில் ரத்தம் தேங்கி உறைகிறது. அந்தக் கட்டி பெயர்ந்து மூளைக்குச் சென்றால் பக்கவாதம். வால்வுச் சுருக்கம் இல்லாதவர்களுக்கு ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் வந்தால், வயது, ரத்த அழுத்தம், சர்க்கரை நோய் முதலியவற்றுக்கு மதிப்பெண் போட்டு, ரத்தம் உறைவதைத் தடுக்கும் மருந்து தேவையா என்று முடிவுசெய்கிறோம். மிதமான அல்லது தீவிரமான மைட்ரல் சுருக்கம் இருந்தால் அந்தக் கணக்குக்கே இடமில்லை. இருபத்தைந்து வயதானாலும், ரத்தப்போக்கு அபாயம் போன்ற தடை இல்லாவிட்டால், மருந்து வேண்டும்.

அந்த மருந்து பெரும்பாலும் வார்ஃபரின் போன்ற பழைய மருந்தாகவே இருக்கும். ரத்தம் உறைய எவ்வளவு நேரமாகிறது என்பதைக் காட்டும் ஐ.என்.ஆர். அளவை 2-க்கும் 3-க்கும் இடையில் வைத்திருக்க அடிக்கடி ரத்தப் பரிசோதனை தேவைப்படுவது சிரமமே. பரிசோதனை தேவையில்லாத புதிய மருந்துகள் இருக்கும்போது ஏன் இந்தத் தொல்லை என்று கேட்பது நியாயமே. 2022-இல் வெளியான இன்விக்டஸ் ஆய்வு, ருமாட்டிக் இதய நோயோடு ஏட்ரியல் ஃபிப்ரிலேஷனும் உள்ள ஏறத்தாழ 4,500 பேரிடம், 24 நாடுகளில் இதையே ஆராய்ந்தது. புதிய மருந்தான ரிவராக்ஸபான் எடுத்தவர்களைவிட, பழைய மருந்தை எடுத்தவர்களிடையே இறப்புக் குறைவாக இருந்தது. ஆகவே, உறவினர் ஒருவர் புதிய மாத்திரையால் வசதியாக இருக்கிறார் என்பதற்காக நீங்களும் மாறிவிடாதீர்கள். அவருக்கு இருப்பது வேறு வகை நோயாக இருக்கலாம்.

இடது கீழறையிலிருந்து உடலுக்கு ரத்தம் வெளியேறும் வாயிலில் உள்ள பெருந்தமனி வால்வின் சுருக்கத்தில் நிலைமை சற்று வேறு. அங்கே பெரும்பாலும் முதுமையில் கால்சியம் படிந்து திறப்பு குறுகுகிறது. கீழறைச் சுவர் தடித்து விறைப்பதால், அது நிரம்ப மேலறையின் உந்துதல் மிகவும் தேவைப்படுகிறது. ஏட்ரியல் ஃபிப்ரிலேஷனால் அந்த உந்துதல் நின்றதும் உடல்நிலை சட்டென்று சரியலாம். கால்சியம் அருகிலுள்ள மின் கடத்துப் பாதை வரை படர்ந்தால் துடிப்பு மிக மந்தமாகி மயக்கமும் வரலாம்.

மைட்ரல் வால்வு தகுந்த அமைப்பில் இருந்து, மேலறையில் ரத்தக்கட்டியும் இல்லையென்றால், தொடை வழியே பலூனைச் செலுத்தி ஒட்டிய இதழ்களைப் பிரித்துவிடலாம். ஜப்பானிய அறுவை மருத்துவர் கான்ஜி இனோவே உருவாக்கி 1984-இல் வெளியிட்ட முறை இது. மூச்சு உடனே இலகுவாகும். ஆயினும் பல ஆண்டுகளாக விரிந்து தழும்பேறிய மேலறை பழைய நிலைக்குத் திரும்புவது அரிது. தாளக் குலைவு தொடர்ந்தால், வால்வு சரியாகிவிட்டது என்று எண்ணி வார்ஃபரினை நிறுத்திவிடக் கூடாது.

வால்வுச் சுருக்கம் உள்ளவர்கள், மணிக்கட்டில் விரல் வைத்து ஒரு முழு நிமிடம் நாடியைக் கவனிக்கப் பழகிக்கொள்ளுங்கள். ஒழுங்கில்லை என்று தோன்றினால் அன்றே இ.சி.ஜி. எடுத்துக்கொள்ளுங்கள். இந்தக் குலைவு தொடக்கத்தில் வந்து வந்து போகும் இயல்புடையது. ஆகையால் அந்த ஒரு பதிவில் எதுவும் தென்படாவிட்டாலும், 24 மணி நேரமோ அதற்கும் மேலோ துடிப்பைப் பதிவுசெய்யும் ஹோல்ட்டர் பரிசோதனை தேவையா என்று உங்கள் மருத்துவரிடம் தயங்காமல் கேளுங்கள்.