வான்கோழி மிச்சமா? நான்கு நிமிடத்தில் தாய்லாந்துத் துளசி வதக்கல்

[காட்சி: திறக்கப்படும் குளிர்சாதனப் பெட்டி. நடுத்தட்டில் அலுமினியத் தாள் போர்த்திய பெரிய பாத்திரம்.]

வணக்கம். அமெரிக்க நன்றி நாளான வியாழக்கிழமை இரவு வீடு முழுவதும் மணத்த வான்கோழி, வெள்ளிக்கிழமை மதியம் மைக்ரோவேவில் சூடாகி வந்ததும் எவரும் இரண்டாவது துண்டுக்குக் கை நீட்டாத உணவாக மாறிவிடுவது ஏன்? அந்த மாற்றத்துக்கு உணவு அறிவியலில் தெளிவான காரணம் இருக்கிறது. காரணம் தெரிந்துவிட்டால் தீர்வும் எளிது. அதே மிச்சக் கறியை வாணலியில் நான்கே நிமிடங்களில் தாய்லாந்துப் பாணி வதக்கலாக மாற்றுவதை இன்று பார்க்கப்போகிறோம். நடுவில் துளசியைப் பற்றி ஒரு செய்தி வருகிறது. தமிழ் வீட்டில் வளர்ந்தவர்களை அது கட்டாயம் நிமிர்ந்து உட்கார வைக்கும். ஆகவே வேகமாக நகர்த்திவிடாமல் பாருங்கள்.

பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நவம்பர் மாதத்தின் நான்காவது வியாழக்கிழமையை நன்றி நாளாக அமெரிக்கா சட்டப்படி நிலைநிறுத்தியது 1941-இல். அன்று அடுப்பில் ஏறும் வான்கோழி பெரும்பாலும் ஆறேழு கிலோ எடையுள்ளது. ஐந்தாறு பேர் கொண்ட குடும்பம் அதை ஒரே வேளையில் உண்டு முடிக்க இயலாது.

[காட்சி: கறித் துண்டு ஒன்றின் அண்மைக் காட்சி.]

இப்போது அந்த மறுநாள் வாடைக்கு வருவோம். இறைச்சி வேகும்போது அதன் செல் சவ்வுகள் சிதைகின்றன. அந்தச் சவ்வுகளில் இருக்கும் பன்மை நிறைவுறாக் கொழுப்புகள் வெளிப்பட்டுக் காற்றிலுள்ள ஆக்சிஜனுடன் வினைபுரிகின்றன. இறைச்சிக்குச் சிவப்பு நிறம் தரும் புரதங்களிலிருந்து விடுபடும் இரும்பு அந்த வினையை விரைவுபடுத்துகிறது. விளைவாக ஹெக்ஸனால் போன்ற ஆல்டிஹைடுகள் என்ற வேதிப்பொருள்கள் உருவாகி, நனைந்த அட்டைப்பெட்டியை முகர்வது போன்ற ஒரு வாடையைக் கறிக்குத் தந்துவிடுகின்றன. 1958-ஆம் ஆண்டிலேயே உணவு அறிவியலாளர்கள் இதை ஆய்வுக் கட்டுரையில் விவரித்துவிட்டார்கள். சாதாரணக் கோழியைவிட வான்கோழியில் இந்தச் சிக்கல் அதிகம். கொழுப்பைக் காக்கும் வைட்டமின் ஈ-யைத் தசையில் சேர்த்துவைக்கும் திறன் வான்கோழிக்குக் குறைவாக இருப்பதே அதற்குக் காரணம். குளிர்சாதனப் பெட்டியின் குளிர் இந்த வினையைத் தாமதப்படுத்துமே தவிர நிறுத்தாது.

இதிலிருந்து ஒன்று புரிகிறது. நல்ல வதக்கலுக்கான வேலை வெள்ளிக்கிழமை அன்று தொடங்குவதில்லை. வியாழன் இரவே தொடங்கிவிடுகிறது. விருந்து முடிந்த கையோடு எலும்பிலிருந்து கறியைப் பிரித்தெடுத்து, ஆழமில்லாத பாத்திரத்தில் பரப்பி, கிரேவி மிஞ்சியிருந்தால் அதைக் கறியின் மேல் ஊற்றிக் காற்றுப் படாமல் மூடி வையுங்கள். கிரேவிக்குள் முங்கியிருக்கும் கறியை ஆக்சிஜன் எளிதில் எட்டாது. அமெரிக்க வேளாண் துறையின் அறிவுரைப்படி, அடுப்பிலிருந்து இறங்கிய இரண்டு மணி நேரத்துக்குள் கறி குளிர்சாதனப் பெட்டிக்குள் சென்றுவிட வேண்டும். மூன்று அல்லது நான்கு நாட்களுக்குள் தீர்ந்துவிட வேண்டும். முழுப் பறவையை அப்படியே தாளில் சுற்றி உள்ளே தள்ளும் வழக்கத்தைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள். அதன் நடுப்பகுதி ஆறுவதற்குப் பல மணி நேரம் ஆகும், கிருமிகளுக்கு அதுவே போதும்.

[காட்சி: பாங்காக் தெருக்கடை ஒன்றின் வாணலி, அதில் விழும் இலைகள்.]

நாம் பின்பற்றப்போகும் உணவு பட் கிரபாவ். பாங்காக்கில் மதிய நேரத்தில் எந்தத் தெருக்கடைக்குச் சென்றாலும், பூண்டையும் மிளகாயையும் உரலில் இடித்து, எண்ணெயில் தாளித்து, கொத்திய பன்றி இறைச்சியையோ கோழியையோ போட்டுப் புரட்டி, மீன் சாஸ் ஊற்றி, கடைசியில் ஒரு கைப்பிடி இலையைப் போட்டு இறக்குவதைக் காணலாம். அந்த இலைதான் நான் முதலில் சொன்ன செய்தி. கிரபாவ் என்று தாய்லாந்து மக்கள் அழைப்பது நம் துளசியைத்தான். தாவரவியலில் இரண்டும் ஒரே இனம்: ஓசிமம் டெனுய்ஃப்ளோரம். நாம் மாடத்தில் வைத்து விளக்கேற்றும் செடி, வங்கக் கடலுக்கு அப்பால் அன்றாடச் சமையலின் மணமாகியிருக்கிறது.

இது எனக்கு மிகவும் பிடித்த பகுதி. ஆகவே சற்று நின்று சொல்கிறேன். துளசி இலையைக் கசக்கினால் கிராம்பு வாடை வருவதை நாம் எல்லோரும் அறிவோம். கிராம்புக்கு அந்த மணத்தைத் தரும் யூஜெனால் என்ற வேதிப்பொருளே துளசியிலும் இருக்கிறது. பச்சையாக மெல்லும்போது காரமும் கசப்புமாக நாக்கைக் கடிக்கும் அந்த இலை, சூடான எண்ணெயும் மீன் சாஸும் பட்ட மறுகணம் வேறொரு முகத்தைக் காட்டுகிறது: மிளகும் கிராம்பும் சேர்ந்த ஒரு காட்டமான மணம் எழுகிறது. வான்கோழியின் மறுநாள் வாடையை எதிர்கொள்ள இதைவிடப் பொருத்தமான இலை இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. ஏற்கெனவே உண்டான வாடையைத் துளசி அழித்துவிடாது. ஆனால் மூக்கு முதலில் உணர்வது துளசியையும் பூண்டையும் என்றாகிவிடும்போது அந்த வாடை பின்னுக்குப் போய்விடுகிறது.

அமெரிக்காவிலுள்ள பல தாய் உணவகங்கள் இந்த வதக்கலுக்கு ஹொரபா என்ற இன்னோர் இலையைப் பயன்படுத்துகின்றன. சீன, வியட்நாமியக் கடைகளில் ஊதாத் தண்டோடு கட்டுக் கட்டாக விற்கப்படும் தாய் பேசில் அதுவே. சோம்பின் இனிய மணம் உடையது. அது ஓசிமம் பேசிலிகம் என்ற இனம். அந்த இனமும் நமக்குப் புதியதன்று: திருநீற்றுப்பச்சிலை என்று நாம் வளர்ப்பதும், சப்ஜா விதை தருவதும் அதே இனமே. ஆக, தாய்லாந்துச் சமையலறையின் இரண்டு முக்கிய இலைகளுக்கும் உறவினர் நம் வீட்டு முற்றத்திலேயே இருக்கின்றனர். என் கருத்தில் கிரபாவுக்குத் துளசியே சரி. ஹொரபா போட்டாலும் உணவு நன்றாகத்தான் இருக்கும், ஆனால் அது வேறு உணவு. துளசியை இறைச்சியோடு சேர்க்க மனம் ஒப்பாதவர்கள் தயக்கமின்றி ஹொரபாவையே பயன்படுத்துங்கள்; அந்த உணர்வு மதிக்கப்பட வேண்டியது. மற்றவர்களுக்கு ஒரு குறிப்பு: உறைபனி விழுந்தால் துளசி பட்டுப்போகும் என்பதால் நவம்பருக்குள் தொட்டியை வீட்டுக்குள் எடுத்து வைத்திருப்பீர்கள், ஒரு செடியில் போதிய இலை இல்லையென்றால் பாதித் துளசி, பாதி ஹொரபா என்று கலந்துகொள்ளலாம்.

இன்னொரு மகிழ்ச்சியான செய்தி, ஒரே பத்தியில். வான்கோழியும் மிளகாயும் மனிதரால் முதன்முதலில் பழக்கப்படுத்தப்பட்ட நிலம் ஒன்றே; அது இன்றைய மெக்சிகோ. சயாமின், அதாவது இன்றைய தாய்லாந்தின், அன்றைய தலைநகரான அயுத்தயாவைப் போர்த்துகீசியர் அடைந்தது 1511-இல். சயாமியச் சமையலுக்கு மிளகாய் கிடைத்தது அதன் பின்னரே. எனவே வான்கோழியைத் தாய்லாந்து மிளகாயோடு வதக்குவது விசித்திரமான கலவை என்று யாரேனும் சொன்னால், அவை பழைய அண்டை வீட்டார் என்று பதில் சொல்லலாம்.

[காட்சி: மேடையில் வரிசையாக வைக்கப்பட்ட கிண்ணங்கள்.]

அடுப்பைப் பற்றவைக்குமுன் எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும். மூன்று பேருக்கு ஏறக்குறைய 400 கிராம் வெந்த கறி போதும். நெஞ்சுக்கறியை நாருக்குக் குறுக்கே மெல்லியதாக அரியுங்கள். தொடைக்கறியைக் கையால் பிய்த்துவிடுங்கள். தேர்வு இருந்தால் நான் தொடைக்கறியையே எடுப்பேன். அதில் கொழுப்பு கூடுதல் என்பதால் மறுமுறை சூடேறினாலும் வறண்டு போவதில்லை. ஆறு பல் பூண்டும், காரத்துக்கேற்ப நான்கைந்து சிறு மிளகாயும் உரலில் ஒன்றிரண்டாக இடிபடட்டும். மிக்ஸியில் அரைத்தால் விழுதாகி வாணலியில் ஒட்டிக்கொள்ளும். ஒரு கிண்ணத்தில் ஒன்றரை மேசைக்கரண்டி ஆய்ஸ்டர் சாஸ், இரண்டு தேக்கரண்டி மீன் சாஸ், ஒரு தேக்கரண்டி சோயா சாஸ், ஒரு தேக்கரண்டி பனை வெல்லம், நான்கு மேசைக்கரண்டி வான்கோழிச் சாறு அல்லது நீர்த்த கிரேவி ஆகியவற்றைக் கலந்து வையுங்கள். உப்புநீரில் ஊறவைத்த பறவையாக இருந்தால் மீன் சாஸைப் பாதியாகக் குறைத்துத் தொடங்குங்கள். உப்பு ஏறிவிட்டால் திருப்பி எடுக்க வழியில்லை.

இனி இந்தக் காணொளியின் மையமான செய்தி. சமைக்க வேண்டியது சாஸை. கறியைச் சூடாக்கினால் மட்டும் போதும். பச்சை இறைச்சிக்கு எழுதப்பட்ட குறிப்பை அப்படியே பின்பற்றிக் கறியை முதலில் போட்டு ஐந்தாறு நிமிடம் புரட்டினால், ஒருமுறை ஏற்கெனவே இறுகிவிட்ட புரதம் மேலும் சுருங்கி, எஞ்சியிருந்த நீரையும் பிழிந்து வெளியேற்றிவிடும். மிச்ச வான்கோழி வதக்கல்கள் நார் நாராகிப் போவதற்குப் பெரும்பாலும் இந்த வரிசைப் பிழையே காரணம்.

[காட்சி: புகை எழும் வாணலி.]

புகைப்போக்கி விசிறியை இயக்கி, ஒரு சன்னலையும் திறந்துவையுங்கள். இடித்த மிளகாய் எண்ணெயில் விழும்போது எழும் நெடி இருமலைக் கிளப்பும். வாணலி நன்றாகக் காய்ந்ததும் இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய். அதில் பூண்டும் மிளகாயும் அரை நிமிடம். பூண்டின் ஓரம் பொன்னிறமாகத் தொடங்கியவுடன் சாஸ் கலவையை ஊற்றி, கொதித்துச் சற்றே கெட்டியாகும்வரை விடுங்கள். விருந்தில் மிஞ்சிய பீன்ஸ் இருந்தால் இப்போது போடலாம்; கிரபாவில் காய் சேர்க்கலாமா என்பது தாய்லாந்திலேயே ஓயாத வாதம், மிச்சத்தைத் தீர்க்கும் நாளில் நான் சேர்க்கலாம் என்ற கட்சி. பிறகே கறி. சாஸ் எல்லாத் துண்டுகளிலும் படியுமாறு ஒன்றரை அல்லது இரண்டு நிமிடம் புரட்டி, நடுத்துண்டின் வெப்பம் 74 பாகை செல்சியஸை, அதாவது 165 பாகை ஃபாரன்ஹீட்டைத் தொட்டதும் அடுப்பை அணைத்துவிடுங்கள். இலைகளை அணைத்த பின்னரே போட வேண்டும். பத்து விநாடிப் புரட்டலில் அவை வாடி மணத்தை விட்டுவிடும். மின்சார அடுப்புக்காரர்கள் கறியை இரண்டு பங்காக்கி வதக்குங்கள். ஒரேயடியாகக் கொட்டினால் வாணலி குளிர்ந்து, வதக்கல் குழம்பாகிவிடும்.

சூடான மல்லிகை அரிசிச் சோறு, அதன் மேல் நிறைய எண்ணெயில் ஓரம் மொறுமொறுக்கப் பொரித்த முட்டை, பக்கத்தில் மீன் சாஸில் நறுக்கிப்போட்ட மிளகாயும் சில துளி எலுமிச்சைச் சாறும். முட்டையை விட்டுவிட வேண்டாம் என்று வற்புறுத்திக் கேட்டுக்கொள்கிறேன்; உடைந்து வழியும் மஞ்சள் கரு, வறண்ட நெஞ்சுக்கறித் துண்டையும் மென்மையாக்கிவிடும்.

நான்கு நாட்களுக்குள் தீராது என்று தெரிந்தால், மீதக் கறியை ஒருவேளைக்கு ஒன்றாகப் பொட்டலம் கட்டி, காற்றை நன்றாக வெளியேற்றி, இன்றே உறைபெட்டிக்கு அனுப்புங்கள்; எலும்புகளை எறிந்துவிடாதீர்கள், அடுத்த காணொளியில் அவற்றை எலுமிச்சைப்புல்லோடு கொதிக்கவைத்துச் சூப் வைக்கிறோம். அமெரிக்காவில் உங்கள் ஊரில் துளசிக் கட்டு எந்த வகைக் கடையில் கிடைக்கிறது என்பதைக் கருத்துப் பகுதியில் எழுதுங்கள். தேடி அலைபவர்கள் பலர் இருக்கிறார்கள்.