கால்களைப் பார்க்க வைத்தவர்

நேயர்களுக்கு வணக்கம். பழைய, பெரிய தேவாலயங்கள் சிலவற்றில் குழாய் ஆர்கன் இருக்கும், குழாய்களில் காற்று புகுந்து ஒலிக்கும் பெரிய இசைக்கருவி. வாசிக்கும்போது கூடமே அதிரும். ஆனால் வாசிப்பவர் யாரென்று தெரியாது. மாடத்தில் எங்கோ, நமக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருப்பார். அவர் காலாலும் வாசிக்கிறார் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? காலுக்கென்றே கீழே 32 கட்டைகள் வரை உண்டு. குதிகாலும் நுனிக்காலும் மாறி மாறி ஓடும். அதை யாரும் பார்ப்பதில்லை.

பார்க்க வைத்தவர் வர்ஜில் ஃபாக்ஸ். 1912இல் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில், பிரின்ஸ்டன் என்ற சிறிய ஊரில் பிறந்தவர். பாரிஸில் மார்செல் துப்ரே என்ற ஆர்கன் கலைஞரிடம் பாடம் கேட்டவர். 1946 முதல் 1965 வரை நியூயார்க் ரிவர்சைடு தேவாலயத்தின் ஆர்கன் கலைஞர். பெருமையான பதவி அது. அதை விட்டுவிட்டு ஊர் ஊராகக் கச்சேரிக்குக் கிளம்பினார்.

சிவப்பு உள்துணி தைத்த கறுப்பு மேலங்கி, கல் பதித்து மின்னும் காலணி. இதைப் பார்த்துத்தான் பலர் அவரை வேடிக்கைக்காரர் என்று ஒதுக்கினார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. காலணி மின்னினால் கண் எங்கே போகும்? காலுக்குத்தானே! அங்கேதான் பாதி சங்கீதம் நடக்கிறது.

அந்த 1970 டிசம்பர் கச்சேரியைச் சொல்லாமல் முடியாது. இடம், நியூயார்க்கின் ஃபில்மோர் ஈஸ்ட் அரங்கம். ஜிமி ஹென்ட்ரிக்ஸ் வாசித்த ராக் மேடை. அங்கே குழாய் ஆர்கன் கிடையாது. ராட்ஜர்ஸ் நிறுவனத்தின் மின்னணு ஆர்கனைக் கொண்டுவந்து வைத்தார்கள். பின்னால் திரையில் வண்ண ஒளி குழைந்து ஓடுகிறது. எதிரே நீள முடி வைத்த இளைஞர் கூட்டம். ஃபாக்ஸ் அவர்களுக்கு என்ன வாசித்தார்? சினிமாப் பாட்டா? இல்லை. பாக். முழுக்க முழுக்க பாக். 1750இல் மறைந்த அந்த ஜெர்மானிய இசையமைப்பாளரின் இசையை, இசைத்தாள் இல்லாமல், மனப்பாடமாக. நடுநடுவே எழுந்து பேசுவார். அடுத்து வருவது என்ன, எதைக் கவனிக்க வேண்டும் என்று உற்சாகமாகச் சொல்லுவார்.

பாக் பெயரில் வழங்கும் ஜி மேஜர் 'ஜிக்' ஃபியூக் என்று ஒன்று. துள்ளல் நடனத் தாளம். ஃபியூக் என்றால், ஒரு குரல் ஒரு மெட்டைத் தொடங்கும், அது ஓடிக்கொண்டிருக்கும்போதே இன்னொரு குரல் அதே மெட்டை எடுக்கும், அப்புறம் இன்னொன்று. விரல்களுக்கே வேகமான அந்த மெட்டைக் கால்களும் எடுத்தாக வேண்டும். அதே மெட்டு, அதே வேகம், கால்களில்! ராக் கேட்க வரும் பிள்ளைகள் இதற்கு ஆர்ப்பரித்தார்கள். நான் திரும்பத் திரும்பச் சொல்வது இதைத்தான்: அவர் சரக்கை மாற்றவில்லை. பாக்கைச் சுருக்கவில்லை, எளிதாக்கவும் இல்லை. விளக்கு, உடை, பேச்சு எல்லாமே அந்த ஃபியூக்கின் வாசல் வரை ஆட்களைக் கூட்டிவரத்தான்.

ஈ. பவர் பிக்ஸ் என்ற இன்னொரு ஆர்கன் கலைஞருடன் ஃபாக்ஸுக்கு இருந்த கருத்து வேறுபாட்டை விரிவாகப் பேச நினைத்திருந்தேன். கண்ணாடிக்கு அப்பால் கடிகாரத்தைக் காட்டுகிறார்கள், சரி, சுருக்கமாகச் சொல்கிறேன். பாக் காலத்து ஆர்கன், பாக் காலத்து ஒலி என்பது பிக்ஸின் பக்கம். இன்றைய கருவி தரும் எல்லா ஒலியும் வேண்டும் என்பது ஃபாக்ஸின் பக்கம். பிக்ஸும் பல ஆண்டுகள் ஞாயிறு வானொலியில் வாசித்து ஆர்கனை வீடுகளுக்குக் கொண்டுபோனவர்தான். இருவர் பதிவுகளும் கிடைக்கின்றன, இரண்டையும் கேளுங்கள்.

ஃபாக்ஸ் புற்றுநோயோடும் மேடையேறினார். 1980 அக்டோபரில் காலமானார். ஃபில்மோர் ஈஸ்ட் கச்சேரி இசைத்தட்டாக வந்திருக்கிறது. கேட்கும்போது அடிக்குரலைப் பிடித்துக்கொண்டு போங்கள், அது அவருடைய கால். நன்றி, வணக்கம்.