வெள்ளைப் பூ வந்துச்சே ஆச்சி?

நடுவர் அவர்களே, தாராவிச் சனங்களே, வணக்கம். மணி அடிப்பதற்குள் நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

ஓட்டுச்சாவடிக்குள் சாமியும் வரலாமா, வாசலிலேயே நிற்கலாமா? நாங்கள் வாசல் கட்சி. எதிரணித் தம்பி, "நெற்றி நிறையத் திருநீறு, இவர் சாமியை வெளியே நிறுத்தச் சொல்கிறார்" என்று கைதட்டு வாங்கிவிட்டுப் போனார். தம்பி, இந்தத் திருநீறு எங்க ஆச்சி போட்ட பழக்கம். அவள் கதையைக் கேட்டுவிட்டு அப்புறம் கைதட்டு வாங்குங்கள்.

வேட்பாளர் தன் மதத்தைச் சொல்லி ஓட்டுக் கேட்கக் கூடாது என்பது 1951ஆம் வருஷச் சட்டம். வாக்காளரின் மதத்தைச் சொல்லியும் கேட்காதே என்று 2017இல் உச்ச நீதிமன்றம் நாலுக்கு மூணு என்று தீர்ப்பு சொன்னது. அந்த வழக்கே நம்ம மும்பை சாந்தாகுரூஸில் 1990இல் நடந்த தேர்தலிலிருந்து கிளம்பியதுதான். ஆனால் சட்டம் வேட்பாளர் வாயைத்தான் கட்டும், வாக்காளர் மனசை இல்லை. சரி, முன்வரிசை அண்ணாச்சி கொட்டாவி விடுகிறார், ஆச்சியிடம் போவோம்.

2024 மே 20, திங்கட்கிழமை, மும்பையில் ஓட்டு. முந்தின நாள் ஆச்சி வெள்ளைப் பூவையும் சிவப்புப் பூவையும் பொட்டலமாக மடித்துப் போட்டுப் பிள்ளையார் முன்னால் பூக்கட்டிப் பார்த்தாள். வெள்ளை வந்தால் மனசில் நினைத்த கட்சிக்கு. என் மகள் எடுத்தாள், வெள்ளை! மறுநாள் சோமவார விரதத்தோடு போய் ஓட்டுப் போட்டுவிட்டு வந்து, "மாத்திப் போட்டுட்டேன்" என்கிறாள்.

"வெள்ளைப் பூ வந்துச்சே ஆச்சி?"

"பிள்ளையாருக்குக் குழாய்த் தண்ணி கஷ்டம் தெரியுமாலே? அவருக்கு நாமதான குடம் குடமா ஊத்துதோம்!"

பின்வரிசைக்குக் கேட்டதா? தண்ணி பிடிக்கிறவள் ஆச்சி, குளிக்கிறவர் பிள்ளையார், ஓட்டு யாருடையது? தம்பி, எழுதி வைத்துக்கொள்ளுங்கள். வீட்டுக்கு வந்ததும் அதே பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்து, "கோவிச்சுக்காதடா" என்றும் சொன்னாள். கோவிக்கவில்லை போல, அன்றைக்குத் தண்ணி அரை மணி நேரம் கூடுதலாக வந்தது.

அந்த வெயிலில் ஆச்சியைக் கையைப் பிடித்து வரிசையில் நிறுத்தியது பக்கத்து வீட்டுப் பாய் சம்சாரம். இவள் வாயில் முருகா, அவர் வாயில் அல்லா. யாருக்குப் போட்டாய் என்று இவளும் கேட்கவில்லை, அவரும் கேட்கவில்லை.

அடுத்த மாசமே ஆச்சி போய்விட்டாள். குளிப்பாட்டி, நெற்றியில் திருநீறு பூசிப் படுக்க வைத்திருந்தோம். இடது கை ஆள்காட்டி விரல் நகத்தில் மை மட்டும் போகவில்லை. பாய் சம்சாரம் அந்த விரலைப் பிடித்தபடியே விடியும்வரை உட்கார்ந்திருந்தார்.

மணி அடித்துவிட்டீர்கள் நடுவர் அவர்களே. உட்காருகிறேன்.